பிராதைத் திருத்தலாமா? - ஒரு பொட்டி தட்டுபவனின் புலம்பல்

கோர்ட்ல ஒரு தடவை தாக்கல் பண்ணின பிராதை அப்புறம் மாத்தலாமா, கூடாதா? கேக்கறதுக்கு மொக்கைக் கேள்வி மாதிரிதான் இருக்கும். ஆனா நம்ம ஊர் சிவில் வழக்கு ஏன் இந்த இழு இழுக்குதுன்னு யாரைக் கேட்டாலும் ஜட்ஜ் பத்தலை, வாய்தா ஜாஸ்தி, வக்கீல்கள் புறக்கணிப்புன்னு ஒரு பட்டியல் சொல்லுவாங்க. நான் அதுல இன்னொண்ணைச் சேர்ப்பேன். பிராதைத் திருத்தணும்னு போடுற மனு, அந்த மனு மேல வர்ற உத்தரவை எதிர்த்து ஹைகோர்ட்ல போடுற இன்னொரு மனு. நிலம் யாருக்குன்னு நடக்க வேண்டிய சண்டை ஓரமா நிக்கும். நிலத்தைப் பத்தி எழுதின பேப்பர்ல எந்த வரி இருக்கலாம்னு ஒரு சண்டை வருஷக்கணக்கா ஓடும்.

முதல்லயே சொல்லிடறேன், நான் வக்கீல் இல்லை. பொறியியல் படிச்சுட்டு பொட்டி தட்டுற ஆசாமி. குடும்பத்துல ஒரு கேஸ் நடக்கறதால தீர்ப்புகளைத் தேடித் தேடிப் படிச்சு, ராத்திரி ரெண்டு மணிக்கு எழுந்து உக்காந்து யோசிச்சவன். சட்டம் படிச்ச நண்பர்கள் எங்கேயாவது இடிச்சா பின்னூட்டத்துல தலையில குட்டலாம் :-)

சரி, மேட்டருக்கு வருவோம்.

உரிமையியல் நடைமுறைச் சட்டம் 1908-ல வந்தது. அதுல ஆணை 6, விதி 17 தான் நம்ம ஹீரோ. வாதி கொடுக்கற பிராது, பிரதிவாதி கொடுக்கற எதிருரை, இது ரெண்டையும் சேர்த்து ப்ளீடிங்ஸ்னு சொல்லுவாங்க. வழக்கு எந்தக் கட்டத்துல இருந்தாலும், நியாயமான நிபந்தனை போட்டு இதைத் திருத்த கோர்ட் அனுமதிக்கலாம்னு அந்த விதி ஆரம்பிக்குது. அதோட நிக்கலை. ரெண்டு பேருக்கும் நடுவுல இருக்கற உண்மையான பிரச்சினையைத் தீர்க்கத் தேவைப்படுற திருத்தம் எல்லாத்தையும் செஞ்சே ஆகணும்னும் சொல்லுது. முதல் பாதி "செய்யலாம்", ரெண்டாவது பாதி "செய்யணும்". இந்த ரெண்டுக்கும் நடுவுலதான் நூறு வருஷத்துக்கும் மேல தீர்ப்பு எழுதிக்கிட்டு இருக்காங்க.

பேப்பர்ல ஒரு வரி இருந்தா என்ன, இல்லேன்னா என்னன்னு தோணலாம். பெரிய வித்தியாசம் இருக்குங்க. பிராதுல சொல்லாத விஷயத்துக்கு சாட்சி சொன்னா கோர்ட் அதைக் கணக்குல எடுத்துக்காது. கேக்காத பரிகாரத்தைப் பொதுவா கொடுக்காது. குறிப்பிட்ட பரிகாரச் சட்டம் 1963-ல 34-ஆவது பிரிவு இருக்கு. "இந்த நிலம் என்னுதுன்னு அறிவிங்க"ன்னு மட்டும் கேட்டு, "அதை என் கையில வாங்கிக் கொடுங்க"ன்னு கேக்க முடிஞ்சும் கேக்காம விட்டா, அறிவிக்கவே முடியாதுன்னு அந்தப் பிரிவு சொல்லுது. அதாவது சொத்து உங்களோடதாவே இருக்கலாம், பத்திரம் பக்காவா இருக்கலாம், பிராதுல ஒரு பாரா குறைஞ்சா வழக்கு காலி. அந்த பாராவைச் சேக்கறதுக்கு இருக்கற கதவுதான் விதி 17.

இந்தக் கதவை மொத்தமாவே மூடப் பார்த்தாங்கங்கறது பல பேருக்குத் தெரியாது. 1999-ல சட்டத் திருத்தம் கொண்டு வந்தப்ப விதி 17-ஐ அப்படியே தூக்கிட்டாங்க. வழக்கு தாமதமாகுதா? தாமதமாக்குற விதியையே எடுத்துடு. நம்ம ஆபீஸ்ல பக் ரிப்போர்ட் ஜாஸ்தி வருதுன்னு பக் ரிப்போர்ட் பண்ற பக்கத்தையே டெலிட் பண்ற மேனேஜர் மாதிரி. வக்கீல்கள் கொந்தளிச்சாங்க, அந்தத் திருத்தம் அமலுக்கே வரலை. 2002-ல இன்னொரு திருத்தச் சட்டம் போட்டு விதி 17-ஐத் திரும்பக் கொண்டு வந்தாங்க, ஆனா வாலுல ஒரு நிபந்தனையோட. விசாரணை ஆரம்பிச்ச பிறகு திருத்தம் கிடையாது, உரிய அக்கறையோட நடந்தும் முன்னாடியே இதை எழுப்ப முடியலைன்னு கோர்ட் திருப்தி அடைஞ்சா ஒழிய. 2002 ஜூலை 1-ஆம் தேதியில இருந்து இதுதான் சட்டம். இந்தத் திருத்தங்களை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரைக்கும் போனது யாருன்னு பாத்தா நம்ம சேலம் வழக்கறிஞர்கள் சங்கம்! 2002, 2005-ல ரெண்டு தீர்ப்பு வந்துச்சு. திருத்தங்கள் செல்லும்னு ஆச்சு.

பொட்டி தட்டுற ஆளுங்களுக்கு இந்த நிபந்தனை உடனே புரியும். கோட் ஃப்ரீஸ். ரிலீஸுக்கு முன்னாடி ஒரு தேதி வைப்போம், அதுக்கப்புறம் யாரும் எதையும் தொடக்கூடாது, நிஜமாவே பெரிய பக் வந்தா மட்டும் தனியா அனுமதி. நல்ல யோசனைதான், நான் தப்பு சொல்ல மாட்டேன். ஆனா ஃப்ரீஸ் தேதி என்னன்னு டீமுக்குத் தெரியணும் இல்லையா? இங்க அது தெரியறதுக்குள்ள பல வருஷம் ஓடிடுச்சு. எழுவினாக்கள் வனைஞ்ச உடனேயே விசாரணை ஆரம்பிச்சாச்சுங்கற மாதிரி ஒரு தீர்ப்பு 2005-ல. இல்லை, சாட்சி விசாரிக்கற கட்டத்தைத்தான் விசாரணைன்னு எடுத்துக்கணும்ங்கற மாதிரி இன்னொண்ணு 2006-ல. முதல் விசாரணைக்கு பதிலா நிரூபண வாக்குமூலம் தாக்கல் பண்ணினாலே ஆரம்பம்தான்னு 2008-ல. எந்தப் பக்கத்துக்கு எது தோதோ அந்தத் தீர்ப்பை வக்கீல் எடுத்து வைப்பார். ஜட்ஜ் பாவம்.

இப்போ நான் சொல்ல வந்த விஷயம். திருத்த மனு மேல ரெண்டே ரெண்டு விதமான உத்தரவுதான் வர முடியும். அனுமதி, இல்லேன்னா தள்ளுபடி. சட்டம் இந்த ரெண்டையும் ஒரே தட்டுல வெச்சுப் பாக்குது. ரெண்டையும் எதிர்த்து ஒரே வழியில ஹைகோர்ட் போகலாம். அது எனக்கு சுத்தமா சரியாப் படலை. ரெண்டும் ஒண்ணு கிடையாது.

தள்ளுபடி ஆன கதைக்கு ஒரு உதாரணம். 2002 செப்டம்பர்ல உச்ச நீதிமன்றம் தீர்த்த ஒரு விவசாய நிலத் தகராறு. சென்னை உயர் நீதிமன்றம் வழியா போனது. 1988-ல ஒருத்தர் வழக்கு போடறார். நிலம் என் கைவசம் இருக்கு, பிரதிவாதி உள்ள வரக்கூடாதுன்னு நிரந்தர உறுத்துக்கட்டளை கேக்கறார். வழக்கு நடக்கறப்பவே, 1989 ஜனவரியில, பிரதிவாதி தன்னை அடிச்சுப் பிடிச்சு வெளியேத்திட்டார்ங்கறது வாதியோட கட்சி. அதனால, நிலம் என்னுதுன்னு அறிவிச்சு சுவாதீனத்தையும் வாங்கிக் கொடுங்கன்னு பிராதைத் திருத்த 1999-ல மனு போடறார். பதினோரு வருஷம் தூங்கினியான்னு விசாரணை நீதிமன்றம் தள்ளுபடி பண்ணிடுச்சு. சீராய்வுல ஹைகோர்ட்டும் அதேதான். அந்த இடத்தோட நின்னிருந்தா அந்த மனுஷனோட நிலை என்னன்னு யோசிச்சுப் பாருங்க. நிலம் கையில இல்லை. ஆனா கையில இருக்கற நிலத்தைக் காப்பாத்தச் சொல்லி ஒரு வழக்கு நடந்துக்கிட்டு இருக்கும். ஜெயிச்சாலும் பேப்பர்தான்.

உச்ச நீதிமன்றம் திருத்தத்தை அனுமதிச்சுது. ரெண்டு விஷயம் எனக்கு ரொம்பப் பிடிச்சது. ஒண்ணு, தாமதத்தை வழக்கு போட்ட தேதியில இருந்து மட்டும் எண்ணாதே, வழக்கு எந்தக் கட்டத்துக்கு வந்திருக்குன்னு பாரு அப்படிங்கறாங்க. (1988-ல போட்ட வழக்குல 1999 வரைக்கும் விசாரணையே ஆரம்பிக்கலை. அதுக்கு வாதியை மட்டும் திட்டி என்ன பண்றது!) ரெண்டாவது, இதே பரிகாரத்துக்கு அவர் புதுசா ஒரு வழக்கு போடலாம்னா, அதையே ஏன் இந்த வழக்குல கேக்கக் கூடாதுன்னு கேக்கறாங்க. அதோட ஒரு பூட்டும் போட்டாங்க. சாதாரணமா திருத்தம் அனுமதிச்சா, அது வழக்கு போட்ட அன்னிக்கே எழுதின மாதிரிதான் கணக்கு. இங்க அப்படி வேண்டாம், புதுப் பரிகாரத்தை மட்டும் திருத்த மனு போட்ட தேதியில கேட்டதா எடுத்துக்கோன்னு சொல்லிட்டாங்க. காலாவதி ஆயிடுச்சுன்னு பிரதிவாதி வாதாடறதுக்கு இடம் இருக்கு, வாதி நிலத்தைக் கேக்கறதுக்கும் இடம் இருக்கு. கமிட்டை பேக்டேட் பண்ண விடலை, ஆனா கமிட் பண்ண விட்டாங்க.

இந்த மாதிரி விஷயத்துக்கு மேல் கோர்ட் இருந்தே ஆகணும். கீழ மூடின கதவைத் திறக்க வேற ஆள் இல்லை.

இப்போ அனுமதி கொடுத்த கதைக்கு வருவோம். இது என் அத்தையோடது.

அத்தைக்கு எங்க ஊர்ப் பக்கம் ஏழு சென்ட் மனை. பக்கத்து மனைக்காரர் கல்லைக் கொண்டு வந்து கொட்ட ஆரம்பிக்கவும், 2016-ல முன்சிஃப் கோர்ட்ல தடை கேட்டு வழக்கு. இடைக்காலத் தடையும் கிடைச்சுது. பிராதுக்குக் கடைசியில சொத்து விவரம்னு ஒரு பகுதி இருக்கும், சர்வே நம்பர், நாலு எல்லை, அளவு எல்லாம் வரும். அதுல 112/3ஏ-ன்னு இருக்க வேண்டியதை 112/3பி-ன்னு டைப் அடிச்சு வெச்சிருக்காங்க. நாலு எல்லை சரி, அளவு சரி, கூட வெச்ச பட்டாவுல 3ஏ-ன்னு கொட்டை எழுத்துல இருக்கு. ஒரு எழுத்து. 2018-ல அத்தை நிரூபண வாக்குமூலம் தாக்கல் பண்ணி, பட்டாவைச் சான்றாவணமா குறியீடு செய்யறப்பதான் அது யார் கண்ணுலயும் பட்டுது. எதிர்த்தரப்பு வக்கீல் கண்ணுலதான் முதல்ல பட்டுது, சொல்லவும் வேணுமா!

உடனே திருத்த மனு. விசாரணை ஆரம்பிச்சாச்சு, உரிய அக்கறை இல்லைன்னு அவங்க கவுண்டர். 2019 ஆரம்பத்துல ஜட்ஜம்மா அனுமதிச்சாங்க. ஐநூறு ரூபாய் செலவுத்தொகை. எல்லாரும் நிம்மதியா மூச்சு விட்டோம். ரெண்டு மாசத்துல அவங்க ஹைகோர்ட்ல சீராய்வு மனு போட்டு, கீழ் கோர்ட் வழக்குக்கு ஸ்டே வாங்கிட்டாங்க. அப்புறம் கொரோனா. 2022 கடைசியில அந்த மனு தள்ளுபடி ஆச்சு. உத்தரவு மொத்தம் ஒன்றரைப் பக்கம். இது எழுத்துப் பிழை, இதனால யாருக்கும் பாதகம் இல்லை, அவ்வளவுதான் சாரம்.

ஒரு எழுத்தை மாத்த நாலு வருஷம். அந்த நாலு வருஷமும் அத்தை கையில இருந்த தடை உத்தரவுல 3பி-ன்னுதான் இருந்துச்சு. அதைத் தூக்கிக்கிட்டு ஸ்டேஷனுக்குப் போனா, "இது உங்க நம்பர் இல்லையேம்மா"ன்னு திருப்பி அனுப்பிட்டாங்க. பக்கத்து மனைக்காரர் சாவகாசமா ஒரு மாட்டுக் கொட்டகை கட்டி முடிச்சுட்டார். இப்போ அந்தக் கொட்டகையை அகற்றச் சொல்லி பரிகாரம் கேக்கணும்னா? ஆமாங்க. இன்னொரு திருத்த மனு.

"ஏன் தம்பி, நீ கம்ப்யூட்டர்ல தப்பா அடிச்சா என்ன பண்ணுவே?"ன்னு அத்தை கேட்டாங்க. அழிச்சுட்டு அடிப்பேன் அத்தைன்னு சொன்னேன். சிரிச்சாங்க. கோபமாவே சிரிச்சாங்க.

என்னோட வாதம் இதுதான். திருத்தத்தை அனுமதிச்ச உத்தரவால எதிர்த்தரப்புக்கு உடனே என்ன நஷ்டம்? புதுசா சேர்த்த வரிக்குக் கூடுதல் எதிருரை போடலாம். அந்த வரி பொய்னு சாட்சி விட்டு நிரூபிக்கலாம். திருத்தத்தை அனுமதிக்கறதுன்னா அதுல சொன்னது உண்மைன்னு ஏத்துக்கறது இல்லை, சொல்ல விடறது மட்டும்தான். கடைசியில தோத்துட்டா, மேல்முறையீட்டுல இந்த உத்தரவையும் சேர்த்துத் தாக்கலாம். நடைமுறைச் சட்டம் 105-ஆவது பிரிவு அதுக்குத்தான் இருக்கு, தீர்ப்பைப் பாதிச்ச எந்த இடைக்கால உத்தரவோட தப்பையும் மேல்முறையீட்டுல ஒரு காரணமா எழுப்பலாம். ஆக அவருக்கு எல்லாக் கதவும் திறந்திருக்கு. தள்ளுபடி ஆனவருக்கும் 105 இருக்கேன்னு கேக்கலாம். இருக்கு, ஆனா பத்து வருஷம் தப்பான பிராதோட வழக்கு நடத்தி, தோத்து, மேல போயி, அங்க திருத்தம் அனுமதிச்சு, திரும்ப கீழ அனுப்பி, மறுபடி முதல்ல இருந்து சாட்சி. அதுக்குள்ள பாதி சாட்சிங்க சாமிகிட்ட போயிருப்பாங்க.

அதனால அனுமதி உத்தரவை வழக்கு நடுவுல மேல் கோர்ட் தொடவே கூடாது, ரொம்ப விதிவிலக்கான சில சமயம் தவிர. தள்ளுபடி உத்தரவை மட்டும் சீக்கிரமா, கீழ வழக்கை நிறுத்தாம, பாத்து முடிக்கணும்.

சட்டம் எழுதினவங்க இதை யோசிக்கலையான்னா, வேற எதையோ யோசிச்சாங்க. விதி 17 உத்தரவு மேல மேல்முறையீடு கிடையாது, ஆணை 43-ல இருக்கற பட்டியல்ல அது இல்லை. 115-ஆவது பிரிவுல சீராய்வுதான் ஒரே வழியா இருந்துச்சு. அதே 2002 ஜூலை 1-ல இருந்து அதையும் குறுக்கிட்டாங்க. கேட்ட உத்தரவு மனுதாரருக்குச் சாதகமா வந்திருந்தா வழக்கே முடிஞ்சிருக்குமா? முடிஞ்சிருக்கும்னா மட்டும் சீராய்வுல உத்தரவை மாத்தலாம். திருத்த மனு எப்படித் தீர்ந்தாலும் வழக்கு சாதாரணமா முடியாது. ஆக 115 ரெண்டு பக்கத்துக்கும் மூடிடுச்சு. அதுக்கு முன்னாடி, உத்தரவு அப்படியே நின்னா நீதி தவறிடும், ஈடு செய்ய முடியாத பாதிப்பு வரும்னா ஹைகோர்ட் தலையிடலாம்னு ஒரு வாசகம் இருந்துச்சு. எனக்கு அது நல்ல வாசகமாத்தான் படுது. தள்ளுபடி ஆனவங்க அதுல உள்ள வந்திருப்பாங்க, அனுமதியை எதிர்க்கறவங்க பெரும்பாலும் வெளிய நின்னிருப்பாங்க. அதைத்தான் தூக்கினாங்க.

முன்வாசலை அடைச்சா கூட்டம் எங்க போகும்? அரசியலமைப்புச் சட்டம் 227-ஆவது உறுப்பு இருக்கே. கீழ் நீதிமன்றங்களை மேற்பார்வை பாக்கற அதிகாரம் ஹைகோர்ட்டுக்கு இருக்கு. 115-ஐக் குறுக்கினதால அந்த அதிகாரம் குறையாதுன்னு 2003-ல உச்ச நீதிமன்றம் சொல்லிடுச்சு. 2015-ல மூணு நீதிபதிகள் அமர்வு, சிவில் கோர்ட் உத்தரவை எதிர்த்து 226-ல ரிட் போட முடியாது, 227 மட்டும்தான்னு தெளிவாக்குச்சு. மெட்ராஸ்ல 227 மனுவுக்கும் சி.ஆர்.பி.ன்னுதான் நம்பர் போடறாங்க, அதனால கட்சிக்காரங்களுக்கு எது எந்தச் சட்டத்துல போகுதுன்னே தெரியறதில்லை. எங்க அத்தை கேஸ்ல வந்தது 227-ங்கறதே எனக்கு உத்தரவோட முதல் பக்கத்தைப் பாத்துதான் தெரிஞ்சுது.

227-ஐ எப்பவாவது, நிஜமாவே அநியாயம் நடந்தா மட்டும் எடுக்கணும்னு உச்ச நீதிமன்றம் தீர்ப்புக்குத் தீர்ப்பு சொல்லுது. அது அகராதியில இருக்கற "எப்பவாவது". மனு நம்பராகி, நோட்டீஸ் போயி, ஸ்டேயும் கிடைச்சுட்டா, கடைசியில "தலையிட வேண்டிய கேஸ் இல்லை"ன்னு ஒன்றரைப் பக்கம் எழுதி என்ன பிரயோஜனம்? எதிர்த்தரப்புக்கு வேண்டியது அந்த உத்தரவு இல்லை, நடுவுல கிடைச்ச நாலு வருஷம்.

எதிர்க்கட்சி வாதத்தையும் சொல்லிடறேன், இல்லேன்னா ஒருதலைப்பட்சம்னு சொல்லுவீங்க. திருத்தத்தை வெச்சு நிறையப் பேர் விளையாடறாங்கங்கறது உண்மை. 2009-ல ரேவாஜீத்து பில்டர்ஸ் வழக்குல, வழக்கை முடிவில்லாம இழுக்கறதுக்காக மிக அதிகமா தவறாப் பயன்படுத்தப்படுற விதிகள்ல இது ஒண்ணுன்னு உச்ச நீதிமன்றமே வருத்தப்பட்டிருக்கு. எதிருரையில "ஆமா, கடன் வாங்கினேன்"ங்கற மாதிரி ஒத்துக்கிட்டதை, அப்புறம் திருத்தங்கற பேர்ல அழிக்கப் பாப்பாங்க. அதை விடக்கூடாதுன்னு 1976-லயே தீர்ப்பு இருக்கு. காலாவதி ஆன கோரிக்கையை பழைய வழக்கோட வாலுல கட்டி உள்ள கொண்டு வரப் பாப்பாங்க. வீட்டு வாடகை வழக்கைக் கல்யாண வழக்கா மாத்தற அளவுக்குப் போறவங்களும் உண்டு (சும்மா, மிகைப்படுத்தறேன்). நான் சொன்ன விதிவிலக்கு இதுங்களுக்குத்தான். எதிராளிக்கு ஏற்கனவே கிடைச்ச ஒரு உரிமையை, ஒரு ஒப்புதலை, திருத்தம் பிடுங்கிக்கிட்டா அவருக்கு மேல் கோர்ட் வேணும். சர்வே நம்பர்ல ஏ போயி பி வந்ததுக்கு வேண்டாம்.

இன்னொரு பக்கம் 2022 செப்டம்பர்ல எல்.ஐ.சி. எதிர் சஞ்சீவ் பில்டர்ஸ் தீர்ப்பைப் பாருங்க. 1986-ல பம்பாய்ல போட்ட வழக்கு. அதுல மாற்றா கேட்ட நஷ்டஈடு 1 கோடியே 1 லட்சம். 2017-ல, முப்பத்தொரு வருஷம் கழிச்சு, அதை 400 கோடியே 1 லட்சமா ஏத்தணும்னு திருத்த மனு. தலை சுத்துதா? எனக்கும் சுத்துச்சு. பம்பாய் ஹைகோர்ட் அனுமதிச்சுது, உச்ச நீதிமன்றமும் சரிதான்னு சொல்லிடுச்சு. தாமதம் மட்டுமே தள்ளுபடி பண்றதுக்குக் காரணம் ஆகாது, 400 கோடி நியாயமாங்கறதை விசாரணையில பாத்துக்கலாம்னு. முதல்ல படிக்கறப்ப அநியாயம்னு தோணுச்சு. ஆனா என்னோட வாதத்தை நானே நம்பினா இதையும் ஒத்துக்கணும். கேக்க விட்டதால எல்.ஐ.சி. 400 கோடி கொடுக்கணும்னு அர்த்தம் இல்லையே. ஏழு சென்ட்டுக்கும் 400 கோடிக்கும் ஒரே விதிதான்.

அப்போ விளையாடறவங்களை எப்படித் தடுக்கறது? பணத்தாலதான். விதி 17-லயே நியாயமான நிபந்தனை போட்டு அனுமதிக்கலாம்னு இருக்கு. அந்த நிபந்தனை நடைமுறையில ஐநூறு, ஆயிரம்னு சுருங்கிடுச்சு. எதிர்த்தரப்பு வக்கீல் ஒரு வாய்தாவுக்கு வாங்கறதை விடக் கம்மி. திருத்தத்தால எதிராளிக்கு நிஜமா ஆன செலவு எவ்வளவு, திரும்ப ஒரு சாட்சியைக் கூப்பிடணுமா, எத்தனை தடவை வந்து போகணும், அதைக் கணக்குப் போட்டு வாங்கிக் கொடுத்தா, தாமதம் பண்றதுக்காகத் திருத்த மனு போடறவன் ரெண்டு தடவை யோசிப்பான். அதே மாதிரி அனுமதியை எதிர்த்து மேல போயி தோத்தவன்கிட்டயும் வாங்கணும். பொய் வழக்கு போட்டா ஈட்டுத்தொகைன்னு 35ஏ பிரிவுல உச்சவரம்பு என்ன தெரியுமா? மூவாயிரம் ரூபாய். 1976-ல வெச்சது. சாதாரண சிவில் வழக்குல அது இன்னும் அப்படியே இருக்கு. நம்ம ஊர்ல மூவாயிரத்துக்கு ஒரு நல்ல செல்போன் கூட வராது.

இதெல்லாம் நடக்கவே நடக்காத கனவுன்னு சொல்றவங்களுக்கு ஒரு தகவல். பாதி ஏற்கனவே நடந்தாச்சு, நமக்கு இல்லை. வணிக நீதிமன்றங்கள் சட்டம்னு 2015-ல ஒண்ணு வந்துச்சு. அதோட 8-ஆவது பிரிவுப்படி, வணிக நீதிமன்றத்தோட எந்த இடைக்கால உத்தரவையும் எதிர்த்து சீராய்வு மனு கிடையாது, மேல்முறையீட்டுலதான் சொல்லிக்கணும். 227 அரசியலமைப்பு அதிகாரம்ங்கறதால அதை ஒரு சாதாரணச் சட்டத்தால மூட முடியாது, ஆனா சட்டம் எந்தப் பக்கம் சாயுதுன்னு ஹைகோர்ட்டுக்குத் தெரியும். செலவுத்தொகைப் பிரிவையும் அந்த வழக்குகளுக்குத் தனியா மாத்தி எழுதி, தோத்தவர் கொடுக்கணும்ங்கறதைப் பொது விதி ஆக்கினாங்க, மூவாயிரம் வரம்பையும் எடுத்துட்டாங்க. முதல்ல ஒரு கோடிக்கு மேல இருக்கற வியாபாரத் தகராறுக்கு மட்டும்னு இருந்ததை 2018-ல மூணு லட்சமாக் குறைச்சாச்சு. அனுமதி, தள்ளுபடின்னு பிரிச்சுப் பாக்காம எல்லாத்தையும் மூடினது எனக்குப் பிடிக்கலைதான். இருந்தாலும், வழக்கு நடுவுல மேல ஓடற பாதையைக் குறைக்கணும்னு நினைச்சா குறைக்க முடியும்ங்கறது தெரியுது இல்லையா? கம்பெனிங்க கேட்டாங்க, முடிஞ்சுது.

அத்தையோட ஏழு சென்ட்டுல வியாபாரம் எதுவும் நடக்கலை, மாடுதான் கட்டியிருக்கு, அதுவும் அடுத்தவரோட மாடு. அதனால அந்தச் சட்டம் அவங்களுக்குப் பொருந்தாது. கொட்டகையை அகற்றச் சொல்ற திருத்த மனு அடுத்த மாசம் வருது. எதிர்த்தரப்பு கவுண்டர் போட டைம் கேட்டிருக்காங்களாம்.